ஒரு கிலோப் பிள்ளைக்கு டிராகன் பெயர்

என் மாமனார் சீனாக்காரர், டென்மார்க்கில் பிரெடெரிசியா என்ற ஊரில் நெடுங்காலம் சீன உணவகம் நடத்தியவர். கடையை விற்றுவிட்டு ஓய்வில் இருந்தாலும் கை இன்னும் பழக்கம் மறக்கவில்லை. நாலு பேர் போனால் ஒரு கல்யாணத்துக்கான சாப்பாடு மேசைக்கு வரும். அவருடைய மகளைக் கட்டப்போகிறேன் என்று நான் சொன்னபோது என் அக்கா கேட்டது ஒரே கேள்விதான். “அவையள் சோறு சாப்பிடுற சனமோ?” ஓம் என்றேன். “பிறகென்னடா” என்று விட்டுவிட்டா. அம்மாவும் அப்பாவும் போன பிறகு எங்கள் குடும்பத்தில் கடைசிச் சொல் விபோர்க்கில் இருக்கிற அந்த அக்காவுடையதுதான்.

ஒன்றை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். எங்கள் வீட்டில் கதைப்பது டேனிஷ். மாமனாருடையது அடுப்படியில் பழகிய டேனிஷ். ஆனால் நடந்ததை நினைத்துப் பார்த்தால் என் தலைக்குள் எல்லோரும் யாழ்ப்பாணத் தமிழில்தான் கதைக்கிறார்கள். அவரும் அப்படித்தான். அதை மாற்ற எனக்கு மனமில்லை, அப்படியே எழுதுகிறேன்.

மனைவிக்கு ஐந்தாம் மாதம். ஆண்பிள்ளை என்று தெரிந்த கிழமை. பிரெடெரிசியாவில் சாப்பாட்டு மேசையில் இருக்கிறோம். மாமனார் மீன் தட்டை என் பக்கம் தள்ளிவிட்டு, உப்பு வேணுமா என்று கேட்கிற குரலில் சொன்னார்:

“பேர் வைச்சாச்சு. லொங்.”

“என்னது?”

“லொங். டிராகன் எண்டு அர்த்தம். இது டிராகன் வருசம். டிராகன் வருசத்தில பிறக்கிற பேரனுக்கு வேற என்ன பேர் வைக்கிறது?”

எனக்குக் கோபம் வர நேரம் எடுக்காது. நான் ஓகூஸில் பஸ் ஓட்டுகிறவன். நாள் முழுக்கப் பயணிகளிடம் பொறுமையாக இருந்து இருந்து, வீட்டுச் சனத்துக்குக் கொடுக்கப் பொறுமை மிஞ்சுவதில்லை. அதுவும் அந்த ‘வைச்சாச்சு’ என்ற சொல் இருக்கிறதே, அதுதான் சுட்டது. பிள்ளைக்குத் தகப்பன் நான் எதிரே குத்துக்கல் மாதிரி இருக்கிறேன்.

“மாமா, உதென்ன கண்டறியாத பேர்? நெருப்புக் கக்கிற பூதத்தின்ர பேரையோ பிள்ளைக்கு வைக்கிறது?”

எனக்குத் தெரிந்த டிராகன் அதுதான். சின்ன வயதில் பள்ளிக்கூடத்தால் ஒரு பழைய தேவாலயத்துக்குக் கூட்டிப்போனார்கள். சுவரில் குதிரையில் வந்த ஒருவன் ஈட்டியால் அதன் தொண்டையைக் குத்திக்கொண்டிருந்தான். அது கெட்டது, அதனால் குத்துகிறார்கள் என்று ஆசிரியை சொன்னா. எங்கள் ஆட்களைக் கேட்டால் செதிலோடு நீளமாக எது வந்தாலும் பாம்புதான், பாம்பென்றால் படையும் நடுங்கும்.

மாமனார் கோபிக்கவில்லை. வயிறு குலுங்கச் சிரித்தார்.

“நெருப்போ? ஆர் உமக்குச் சொன்னது? எங்கட ஆள் தண்ணிக்காரன், தம்பி. குளிர்காலம் முழுக்க ஆத்துக்கு அடியில படுத்திருப்பார். வசந்தம் வந்தால் எழும்பி வானத்துக்குப் போவார். அவர் புரண்டால் இடி. அவர் போற வழியெல்லாம் மழை. செட்டை இல்லை, ஆனா பறப்பார். மான் கொம்பு, பாம்புக் கழுத்து, கெண்டைமீன் செதில், கழுகு நகம். நாடிக்குக் கீழ ஒரு முத்து வைச்சிருப்பார்.” தட்டில் இருந்த மீனின் செதில் பக்கத்தைச் சாப்பாட்டுக் குச்சியால் தொட்டுக் காட்டினார். “எங்கட அப்பா கமக்காரன். மழை பிந்தினால் அவரைத்தான் கும்பிட்டது. அஞ்சு நகம் உள்ள டிராகன் ராசாவுக்கு மட்டும். மற்றவன் உடுப்பில தைச்சால் தலை போகும். பேராய் வைச்சால் ஆர் பிடிக்கிறது?”

“மழைக்கு எண்டால் டென்மார்க்கில டிராகன் தேவையில்லை மாமா. இஞ்சை அது கூப்பிடாமலே வருகுது. நான்தானே அதுக்குள்ள பஸ் ஓடுறன்.”

எல்லோரும் சிரித்தார்கள். ஆனாலும் கொம்பு, செதில், நகம் என்று அவர் அடுக்க அடுக்க எனக்குக் கோயில் தூணில் நிற்கும் யாளி ஞாபகம் வந்தது. சிங்க உடம்பு, யானைத் தும்பிக்கை, ஒருத்தரும் கண்டதில்லை. கைபேசியில் படத்தை எடுத்துக் காட்டினேன். கண்ணாடியைப் போட்டுக்கொண்டு நெடுநேரம் பார்த்தார்.

“இவர் மழை தருவாரோ?”

“இல்லை. தூணைத் தாங்குவார்.”

“பாவம், நல்ல வேலையாள்” என்றார்.

அதற்காக நான் சம்மதித்துவிடவில்லை. காரில் ஏறியதும் துணைக்கு அக்காவைத் தொலைபேசியில் எடுத்தேன். அவ என்னையே பிடித்துக்கொண்டா. “நட்சத்திரம் தெரியாமல் பேர் வைக்கிறதோ? அவருக்குத்தான் தெரியாது, உன்ர மூளை எங்கயடா போட்டுது? முதல் பிறக்கட்டும்.” பக்கத்தில் மனைவி சீட்டைச் சாய்த்துவிட்டு நித்திரையாகிவிட்டாள்.

மாமனாருக்கு அதன் பிறகு ஒரே கவலைதான். ஜனவரி கடைசியோடு டிராகன் ஆண்டு முடிகிறது, அடுத்தது பாம்பு ஆண்டு. டாக்டர்கள் சொன்ன தேதி அந்த விளிம்பில் இருந்தது. ஞாயிறு தவறாமல் தொலைபேசி எடுத்து, “பிந்தமாட்டான்தானே?” என்று கேட்பார். பிந்தவில்லை. நவம்பரில், இரண்டரை மாதம் முந்தி, ஓகூஸ் ஆஸ்பத்திரியில் பிறந்துவிட்டான்.

ஒரு கிலோவும் கொஞ்சமும். என் முழங்கையிலிருந்து விரல் நுனி வரைக்கும்கூட நீளம் காணாது. தோல் வெங்காயச் சருகு மாதிரி. கண்ணாடிப் பெட்டிக்குள் மூக்கில் காற்றுக் குழாயோடு கிடந்தான். பெட்டியில் ஒட்டிய சீட்டில் ‘பையன்’ என்றும் தாயின் குடும்பப் பெயரும் மட்டும் எழுதியிருந்தது. சுவாசப்பை இன்னும் தயாராகவில்லை, ஒவ்வொரு நாளாகத்தான் பார்க்கவேண்டும் என்று டாக்டர் சொன்னார். நல்ல மனிதர், பொய் சொல்லவில்லை. சொல்லியிருக்கலாம் என்று நினைத்தேன். அப்படியொரு பயம் எனக்கு அதற்கு முன்னும் வந்ததில்லை, பின்னும் வந்ததில்லை. பிள்ளை போய்விடுவான் என்ற பயம்.

மறுநாள் மாமனார் வந்தார். கையைக் கழுவி, திரும்பவும் கழுவி, பெட்டிக்குப் பக்கத்தில் வந்து நின்றார். மனுசனின் முகத்தைப் பார்க்க எனக்கே தாங்கவில்லை. அவருக்கு எதையாவது கொடுக்க வேண்டும்போல் இருந்தது.

“மாமா, உங்கட பேரே இருக்கட்டும். லொங் எண்டு கூப்பிடுங்கோ.”

அவர் என் வாயைக் கையால் பொத்தினார். நிஜமாகவே பொத்தினார்.

“அந்தப் பேரை இஞ்சை எடுக்காத!”

பிறகு கண்ணாடிக்குக் கிட்டக் குனிந்து, பிள்ளையைப் பார்த்துச் சீனத்தில் இரண்டு சொல் சொன்னார். திரும்பத் திரும்ப அதையே சொன்னார். சக்கர நாற்காலியில் இருந்த மனைவியிடம் என்ன சொல்லுகிறார் என்று கேட்டேன்.

“நாய்க்குட்டி எண்டு” என்றாள்.

எனக்கு விசர் வந்தது. தமிழில் ஒருவரை நாய் என்று சொன்னால் என்ன நடக்கும் என்று உங்களுக்குச் சொல்லத் தேவையில்லை. மாமனாரைச் சட்டைக் கையில் பிடித்து வெளியே இழுத்துக்கொண்டு போய், “சாகக் கிடக்கிற என்ர பிள்ளையை நாயெண்டோ சொல்லுறீங்கள்?” என்று கத்தினேன். நடைகூடத்தில் இருந்த தாதி எழும்பி வந்துவிட்டா. மனைவி நாற்காலியைத் தானே உருட்டிக்கொண்டு பின்னால் வந்தாள்.

“ஆத்திரப்படாதையும். கேளும் முதல்.”

அவள்தான் விளங்கப்படுத்தினாள். பெரிய பெயர் பாரமாம். வலுவில்லாத பிள்ளையின் மேல் ஏற்றினால் நசுக்கிப்போடுமாம். அதோடு, பிள்ளை பிடிக்க அலைகிற கெட்டதுகளின் காதில் டிராகன் என்று விழுந்தால், ஆகா நல்ல சாமான் என்று வந்துவிடுமாம். நாய்க்குட்டி என்றால், சீ இதை ஆர் எடுப்பான் என்று போய்விடுமாம். மாமனாரையே பள்ளிக்கூடம் போகும்வரைக்கும் நாய் போட்ட முட்டை என்றுதான் அவருடைய ஊரில் கூப்பிட்டார்களாம். அவர் சுவரோடு சாய்ந்து நின்றார், நான் பிடித்த சட்டைக் கை கசங்கியபடி.

பின்னேரம் அக்காவிடம் இதைச் சொல்லி, இப்படியும் ஒரு மூடநம்பிக்கையா என்று கேட்டேன்.

“அவர் சரியாத்தானே செய்யிறார்” என்றா. “எங்கட அப்பாவைப் பத்து வயசு வரைக்கும் குப்பை எண்டுதான் கூப்பிட்டவை. அவருக்கு முன்னம் பிறந்ததுகள் ஒண்டும் தங்கேல்லை. உனக்குத் தெரியாதோ?”

தெரியாது. வேட்டி கசங்காமல் நடந்த என் அப்பா ஒரு காலத்தில் குப்பை.

“பிள்ளை பரணியடா. பரணி தரணி ஆளும். இப்ப தரணி வேண்டாம், மூச்சு விட்டால் காணும். நீயும் குப்பை எண்டே கூப்பிடு.”

அன்று தொடங்கினோம். சட்டையைக் கழற்றிவிட்டு, பிள்ளையை நெஞ்சில் தோலோடு தோலாகப் போட்டுக்கொண்டு சாய்ந்திருப்பேன். “டேய் குப்பை, பால் இறங்கிச்சோ? என்ன முகமடா உது, காய்ஞ்ச கத்தரிக்காய் மாதிரி” என்பேன். மறுபக்கத்தில் மாமனார் குனிந்து, நாய்க்குட்டி, மொட்டை நாய்க்குட்டி, ஒருத்தருக்கும் வேண்டாத நாய்க்குட்டி என்று சீனத்தில் கொஞ்சுவார். எவ்வளவு இனிமையாகப் பாடுகிறீர்கள், என்ன அர்த்தம் என்று தாதி ஒருநாள் கேட்டா. சொன்னேன். அவ எங்கள் இரண்டு பேரையும் மாறி மாறிப் பார்த்தா. பிறகு, தன் மகனைத் தானும் குட்டிப் பூதம் என்றுதான் கூப்பிடுவதாகச் சொல்லிச் சிரித்தா.

முப்பத்தொன்றாம் நாள் வந்தது. எங்கள் வழக்கப்படி துடக்கு, அதுதான் பிள்ளைப்பேற்றுத் தீட்டு, கழித்துப் பிள்ளைக்குப் பெயர் வைக்கிற நாள். பெட்டிக்குள் கிடக்கிறவனுக்கு என்ன கழிப்பது? அக்கா விபோர்க்கிலிருந்து பஸ் ஏறி வந்தா. பெட்டியின் கண்ணாடியூடாகப் பிள்ளையைப் பார்த்து, “சீ, என்ன வடிவில்லாத பிள்ளை!” என்று எல்லோருக்கும் கேட்கச் சொன்னா. பிறகு நடைகூடத்துக்குப் போய் முந்தானையை வாயில் வைத்துக்கொண்டு அழுதா. மாமனார் போய்ப் பக்கத்தில் நின்றார். இரண்டு பேரும் அன்றுதான் முதன்முதலாக அடுத்தடுத்து நின்று நான் பார்த்தேன்.

ஜனவரியில் வீட்டுக்குக் கொண்டுவந்தோம். பாம்பு ஆண்டு பிறந்ததை மாமனார் கவனித்ததாகவே தெரியவில்லை. பால், நித்திரை, நிறை என்று நாட்கள் போயின. வீட்டுக்கு வருகிற தாதி தராசில் போடும்போதெல்லாம் நான் மூச்சை அடக்கிக்கொண்டு நிற்பேன். ஏப்ரலில் அவனுக்குக் கையில் மடிப்பு விழுந்தது. அந்த மடிப்பை நான் முத்தமிட்டுத் தேய்த்தே விட்டேன்.

மே மாதம் கொம்யூனிலிருந்து, அதுதான் உள்ளூராட்சி, நினைவூட்டல் வந்தது. இந்த நாட்டில் பிள்ளைக்கு ஆறு மாதத்துக்குள் பெயர் கொடுத்தாக வேண்டும். அந்த ஞாயிறு மாமனார் எங்கள் வீட்டுக்கு வந்தபோது நான் சந்தோசமாகச் சொன்னேன்.

“இனி என்ன பயம்? லொங் எண்டு வைப்பம் மாமா. அக்காவும் சரி எண்டிட்டா. பரணிக்கு லோ எழுத்து வருமாம், அவவுக்கு அது காணும்.”

“வேண்டாம்” என்றார்.

“என்ன வேண்டாம்?”

“வேற பேர் வையும். சின்னப் பேராய் வையும்.”

“நீங்கள்தானே கேட்டனீங்கள்! வேண்டாம் எண்டு நிண்டவனை மழை, முத்து, கொம்பு எண்டு சொல்லி மயக்கிப்போட்டு, இப்ப நீங்கள் பின்வாங்கிறதோ? எனக்கு இப்ப வேற பேர் வாயிலயே வரேல்லை!”

பிள்ளை பாயில் குப்புறப் புரண்டு எங்கள் சத்தத்தைக் கேட்டுக்கொண்டிருந்தான். மனைவி சோபாவில் அவனுடைய உடுப்புகளை மடித்துக்கொண்டிருந்தாள். மாமனார் எழும்பிப்போய் யன்னலடியில் நின்றார்.

“தம்பி, நான் உமக்கு முழுக்கச் சொல்லேல்லை. டிராகனாய் ஒருத்தரும் பிறக்கிறேல்லை. எங்கட பெரிய ஆத்தில ஒரு இடம் இருக்கு. மலைக்கு நடுவில கதவு மாதிரி ஒரு இடுக்கு, அதுக்குள்ளால தண்ணி மேலயிருந்து விழும். கெண்டைமீன் எல்லாம் வெள்ளத்தை எதிர்த்து நீந்தி அங்க வரும், வந்து பாயும். கனக்க மீன் கல்லில அடிபட்டு, நெத்தியில காயத்தோட திரும்பிப் போகும். மேலால பாஞ்சு போறதுதான் டிராகன். பாஞ்சால்தான் அந்தப் பேர். இவன் இன்னும் பாயேல்லை. பாயாதவனுக்கு அந்தப் பேரை வைச்சு, பிறகு...”

முடிக்கவில்லை. மனுசன் இன்னும் அந்த ஆஸ்பத்திரி அறையை விட்டு வெளியே வரவில்லை என்று அப்போதுதான் எனக்கு விளங்கியது. என் கோபம் எங்கே போனதென்று தெரியவில்லை.

“அப்பா” என்றாள் மனைவி.

மடித்த உடுப்பை மடியில் வைத்துக்கொண்டாள். அவரோடு சீனத்தில் கதைக்கிறவள், எனக்கும் விளங்கவேண்டும் என்று டேனிஷில் சொன்னாள்.

“நீங்கள் இரண்டு பேரும் அவன்ர பேருக்குச் சண்டை பிடிக்கிறீங்கள். முதல் கிழமை ஒருநாள், நீங்கள் இரண்டு பேரும் கோப்பி எடுக்கக் கீழ போட்டீங்கள். நான் மட்டும்தான் பெட்டிக்குப் பக்கத்தில இருந்தனான். அவன் மூச்சு விடுறதை நிப்பாட்டிப்போட்டான். மெசின் கத்தினது. அவன்ர வாயெல்லாம் நீலமாய்ப் போச்சு. தாதி ஓடிவந்து முதுகைத் தடவினவ, பாதத்தைத் தேய்ச்சவ. அவன் மூச்சு எடுக்கேல்லை. நான் செத்துப்போனன் எண்டு நினைச்சன். பிறகு அவன்ர நெஞ்சு ஒருக்கால் எழும்பிச்சுது. தானாய், உடம்பு முழுக்க உதறிக்கொண்டு எழும்பிச்சுது. நீங்கள் கோப்பியோட வந்தீங்கள். உங்கட முகங்களைப் பாத்திட்டு நான் சொல்லேல்லை.”

மடியில் இருந்த உடுப்பை எடுத்துப் பக்கத்தில் வைத்தாள்.

“அவன் பாஞ்சிட்டான், அப்பா. நீங்கள் காணேல்லை. நான் பாத்தனான்.”

நான் பாயில் இருந்துவிட்டேன். ஆறு மாதம் இதைத் தனியாக வைத்துக்கொண்டு, எங்களுக்குச் சமைத்து, எங்களை ஆறுதல்படுத்தி, இவள் எப்படி இருந்தாள்? மாமனார் யன்னலை விட்டு வந்தார். மெல்லக் குனிந்து பாயில் எனக்குப் பக்கத்தில் இருந்தார். பிள்ளையைத் தூக்கி, கொஞ்சநேரம் முகத்தைப் பார்த்துவிட்டு, மகளிடம் நீட்டினார்.

“பாத்தவள் நீ” என்றார். “நீயே கூப்பிடு.”

அவள் வாங்கிக்கொண்டாள். அவனுடைய காதில் வாயை வைத்து, லொங் என்று கூப்பிட்டாள். நாங்கள் இரண்டு பேரும் பாயில் இருந்து அழுதோம்.