மூன்று கிழமைப் பால்கறி

இடது மார்பில் தட்டுப்பட்ட கட்டி நோகவில்லை. அதனால் இரண்டு மாதம் அதைப் பொருட்படுத்தாமல் கந்தோர் வேலைக்குப் போய் வந்தேன். நோவெல்லாம் வைத்தியம் தொடங்கிய பிறகுதான் வந்தது. அதைக்கூடப் பொறுத்துக்கொண்டேன். பொறுக்க முடியாமல் போனது எங்கள் கொட்டாஞ்சேனை வீட்டுக் குசினியிலிருந்து வந்த பால்கறி மணம்.

கட்டியை வெட்டியெடுத்த பின் கீமோ (புற்றுக் கலங்களைக் கொல்ல நாளம் வழியாக ஏற்றும் மருந்து) தொடங்கியது. மூன்று கிழமைக்கு, அதாவது இருபத்தொரு நாளுக்கு, ஒரு தரம். முதல் தரத்திலேயே வாய் அவிந்து புண்ணாகிவிட்டது. மிளகாய் உறைப்பு ஆகாது. வீட்டில் நாங்கள் இரண்டே பேர். அதுவரை தேத்தண்ணி மட்டும் போடத் தெரிந்திருந்த என் கணவர் அன்ரன் கரண்டியைக் கையில் எடுத்தார். உருளைக்கிழங்கு, கரட், போஞ்சி. அவிந்ததும் தேங்காய்ப்பால் மாவைக் கட்டியாகக் கரைத்து ஊற்றுவார்.

இரண்டாவது மருந்துக்குப் பிறகு அந்தக் கறி மாறிப்போனது. தலைக்கு வைக்கும் பழைய எண்ணெயைக் காய்ச்சி ஊற்றியது போல ஒரு வாடை. விழுங்கினால் பல்லெல்லாம் பிசுக்கு.

"இது காறுதப்பா" என்றேன்.

"மருந்து செய்யிற வேலை. வாய் ருசி மாறும் எண்டு டொக்டர் சொன்னவர்தானே."

சொன்னவர்தான். கிளினிக்கில் நிறை பார்த்தபோதும் அதையே சொன்னார். "இன்னும் இறங்கினா அடுத்த மருந்தைத் தள்ளிப்போட வேண்டி வரும். நாக்கு சொல்றதைக் கேக்காதீங்க. சாப்பிடுங்க."

மருந்து தள்ளிப்போனால் என்ன ஆகும் என்று கேட்க எனக்குத் துணிவில்லை. மூக்கைப் பொத்திக்கொண்டு விழுங்கினேன். பாதி திரும்பி வந்தது. மஞ்சள் படிந்த விரல்களோடு அவர் கட்டிலருகே கோப்பையை நீட்டும்போது, அந்த மனிதரைக் கண்டாலே எனக்கு அருவருத்தது. எழுத வெட்கமாகத்தான் இருக்கிறது. ஆனால் இதே மருந்தேறிக் கட்டிலில் கிடந்து இதை வாசிக்கும் உங்களுக்கும் இப்படி வரலாம்.

மூன்றாவது மருந்துக்குச் சில நாள் இருக்கையில், ஞாயிறு தேவாலயப் பூசை முடிந்து அன்ரனின் அக்கா பாமன்கடையில் உள்ள தன் வீட்டிலிருந்து வந்தார். குசினிக்குள் போனார். சிங்கில் காறித் துப்பும் சத்தம் கேட்டது.

"டேய், இதையா அவளுக்குக் குடுக்கிறாய்? நீ வாயில வச்சுப் பாத்தனியோ?"

உள்ளிருந்து அன்ரனின் குரல்.

"நான் இப்ப தேங்காய்ப்பால் தொடுறேல்ல அக்கா. அவளுக்குச் சுகமாகுமட்டும் எண்டு கோயில்ல நேந்தனான்."

எங்கள் ஆட்கள் மிகவும் பிடித்ததை விட்டுவிடுவதாகத்தான் நேர்வார்கள். அவருக்குப் பால்கறி என்றால் உயிர். அடுப்புக்குப் பக்கத்து டின்னில் கொட்டி வைத்த தேங்காய்ப்பால் மா சூட்டில் கெட்டு, காறிப்போயிருந்தது. கறிவேப்பிலை, ரம்பை இலை வாசத்தில் அவருக்கு அது பிடிபடவில்லை. அவரின் அக்கா, என் மச்சாள், அதை டின்னோடு குப்பையில் போட்டார்.

"உங்கட நேர்த்திய நீங்க காப்பாத்தினீங்க" என்று கத்தினேன். "கறிய நான்தானே திண்டனான்!"

மறுநாள் அவர் பங்குச் சுவாமியாரிடம் போய் நேர்த்தியை மாற்றிக்கொண்டு வந்தார்: பால்கறிக்குப் பதிலாகத் தேத்தண்ணிக்குச் சீனி. அன்றிலிருந்து தேங்காய் திருவிப் பிழிந்து, முதல் வாயைத் தான் வைத்துப் பார்த்தே எனக்குத் தந்தார். நிறை நின்றது. மூன்றாவது மருந்து குறித்த நாளிலேயே ஏறியது.

மருந்து நாக்கைக் கெடுக்கும், உண்மைதான். ஆனாலும் உங்கள் சாப்பாட்டை வேறொருவரை ஒரு வாய் சாப்பிட்டுப் பார்க்கச் சொல்லுங்கள்.

இப்போது எல்லாம் முடிந்துவிட்டது. முடி சுருளாக முளைத்திருக்கிறது. நாட்களை இன்னும் மூன்று கிழமைக் கணக்கில்தான் எண்ணுகிறேன். தேங்காய்ப்பால் கொதிக்கும் மணம் இன்றைக்கும் எனக்கு ஆகவில்லை. ஆனால் பால்கறி வைக்கும் நாளெல்லாம் அன்ரன் கரண்டியோடு என்னிடம் வருகிறார்.

"சரியோ எண்டு ஒருக்காப் பாரும்."

உள்ளங்கையில் ஒரு சொட்டு. நக்கிப் பார்க்கிறேன்.

"உப்புக் காணாது."

அவர் போய் உப்புப் போடுகிறார். நான் வாயைக் கொப்பளித்துத் துப்புகிறேன்.