நஸீஹாவின் அழுத்தாத கை

கைரவான் ஊரில் நஸீஹா செய்யும் மக்ரூத் என்ற பேரீச்சைப் பலகாரத்துக்குத் தெருவார் வைத்த பெயர் கல். இருபத்தாறு வருஷமாகப் பெருநாளுக்கு அவள் நீட்டும் தட்டை வாங்கும்போது மாஷா அல்லாஹ் என்பார்கள். அவள் தலை மறைந்ததும் காப்பியில் ஊறவைத்துத்தான் கடிப்பார்கள். அவளுக்கும் அது தெரியும். குறை ரவையில் இல்லை, கையில். ரொட்டிச் சூளைக்காரர் மகள் அவள். மாவைக் கண்டால் போட்டுப் பிசைந்துவிடுவாள். மக்ரூத் ரவையோ எண்ணெயில் புரட்டி இரவெல்லாம் ஊறியபின் வெந்நீர் தெளித்துச் சேர்த்தெடுக்க வேண்டியது. பிசைந்தால் இறுகிப்போகும். தெரிந்து என்ன செய்ய, கை கேட்டால்தானே.

இந்த வருஷம் அந்தக் கையே பறிபோன மாதிரி இருந்தது. மழைக்காலத்தில் மாடிப்படியில் வழுக்கி வலது மணிக்கட்டு முறிந்தது. கட்டு அவிழ்த்து ஒரு மாதம் ஆகியும் கோப்பையைத் தூக்கினால் நடுக்கம்.

பெருநாளுக்கு முதல் நாள் பகலில் கணவரின் அக்கா தூஜா வந்தாள்.

"இந்த வருஷம் கடையில வாங்கிடு நஸீஹா. யாரும் தப்பா நெனைக்க மாட்டாங்க."

"சந்தோஷப்படுவாங்கன்னு சொல்லுங்க மதினி."

தூஜா முக்காட்டு நுனியால் வாயை மூடிக்கொண்டாள். "நான் ஒண்ணும் சொல்லல. பல்லு இருக்கிறவங்க சொல்லட்டும்."

நஸீஹாவும் சிரித்தாள். ஆனாலும் கடைத் தட்டு போனால், இந்தக் கை இனி அவ்வளவுதான் என்று தானே ஒப்புக்கொண்ட மாதிரி ஆகிவிடும். ராத்திரியே ரவையை எண்ணெயில் புரட்டி வைத்திருந்தாள். பிஸ்மில்லாஹ் சொல்லித் தாம்பாளத்தின் முன் உட்கார்ந்தாள்.

நோன்பின் பிற்பகல். உடம்பு பஞ்சாகக் கிடந்தது. ஜன்னல் வெளிச்சத்தில் ரவை பொன் மணலாய் மின்னியது. வெந்நீரில் கலந்த ஆரஞ்சுப் பூநீரின் வாசம் எழுந்து கண்ணைச் சொருக வைத்தது. பழக்கத்தில் கை அழுத்தப் போனது. வலி சுரீரென்று ஏறியது. விரல்கள் ரவைமேல் சும்மா கிடந்தன. பிறகு, தூங்கும் பிள்ளையின் முடியை ஒதுக்குவதுபோல, நுனி விரலால் கூட்டிக்கூட்டிச் சேர்த்தாள். விழித்திருக்கிறோமா கனவா என்று அவளுக்கே புரியவில்லை. வாய் மட்டும் இறைநாமத் திக்ரை விடவில்லை.

மசித்த பேரீச்சையை உள்ளே வைத்து உருட்டி, தட்டி, தூஜா சாய்வாக வெட்டினாள்.

"உதிருது மதினி. எண்ணெயில கரைஞ்சிரும்."

"கரைஞ்சா கரையட்டும், குடிச்சிக்கலாம். நீ உட்காரு."

இரண்டு உடைந்தன. மற்றவை பொன்னிறமாய் மிதந்து தேன்பாகில் இறங்கின. நோன்பில் ருசி பார்க்க வழியில்லை. நஸீஹா தட்டையே பார்த்தபடி உட்கார்ந்திருந்தாள். அஸர் தொழுகை முடிந்து வெயில் சுவரேறியது.

பாங்கு சொன்னதும் அவள் கணவர் ஹேதி பாலும் பழமும் சாப்பிட்டு நோன்பு திறந்தார். பிறகு ஒரு மக்ரூத்தை எடுத்து, வழக்கம்போலக் கெட்டிப் பல் இருக்கும் பக்கமாகக் கொண்டுபோய்க் கடித்தார். தாடை சட்டென்று நின்றது.

"இது எந்தக் கடை?"

"கடையாடா? உன் பொண்டாட்டி செஞ்சது" என்றாள் தூஜா.

அவர் இன்னொன்றை எடுத்தார். மெதுவாக, கண்ணை மூடித் தின்றார். "கை முழுசாத் தேற எத்தனை மாசம்னு சொன்னாரு டாக்டர்?"

"ஆறு மாசமாம்."

"அவசரமில்ல. அல்லாஹ் நிதானமாவே குடுக்கட்டும்."

நஸீஹா அவரை முறைக்கப் பார்த்தாள், முடியவில்லை. ஒரு துண்டை எடுத்துத் தன் வாயில் வைத்தாள். அது நாக்கிலேயே அவிழ்ந்தது. அல்ஹம்துலில்லாஹ் என்று முணுமுணுத்து எழுந்து, காலையில் தெருவுக்குப் போகவேண்டிய தட்டுகளை ஒவ்வொன்றாகத் துடைக்க ஆரம்பித்தாள்.