எதிர்வீட்டில் நின்ற எங்கள் கதவு

யாழ்ப்பாணத்து உடுவிலில் எங்கள் ஒழுங்கையின் இருபக்கமும் இப்போது தென்னோலைக் கிடுகு வேலி ஒன்றுகூட இல்லை. எல்லாம் மதில். பழைய சனம் பாதிக்குமேல் கனடாவிலும் லண்டனிலும் இருக்கிறது. அந்த வீடுகளில் வாடகைக்கு வந்திருப்பவர்களுக்குப் போன வருடம்வரை எதிர்வீட்டுக்காரர் பெரிய மனிதர். கோயில் சபைத் தலைவர். "ஐயா" என்றுதான் கூப்பிடுவார்கள். அவர்களுக்குத் தெரியாத ஒன்று எனக்குத் தெரிந்திருந்தது.

சண்டைக் காலத்தில் ஒழுங்கை முழுவதும் தென்மராட்சிக்கு இடம்பெயர்ந்தது. மாதக்கணக்கில் அங்கே கிடந்துவிட்டு வந்தால், எங்கள் வீட்டில் சுவர் மட்டும்தான் மிச்சம். எங்களுக்கு முன்னமே திரும்பிவிட்ட எதிர்வீட்டுக்காரரின் வாசலில் எங்கள் முன்கதவு பச்சைப் பெயின்ற் பூசியபடி நின்றது. அப்பா தச்சரைப் பக்கத்தில் இருத்தித் தாமரைப்பூ செதுக்குவித்த கதவு.

அப்பா போய்க் கேட்டார்.

"விசர்க்கதை கதையாதை. இது நான் செய்விச்ச கதவு" என்று சொல்லி, அதே கதவை அவர் முகத்துக்கு நேரே அடித்துச் சாத்தினார் அந்த மனிதர். அதன்பிறகு சாகும்வரை அப்பா அந்த வாசலைக் கடக்கும்போதெல்லாம் தலையைக் குனிந்துகொண்டுதான் போனார்.

போன வருடம் எதிர்வீட்டுக்காரர் வீட்டை விற்றுவிட்டு மகனிடம் கனடா போக வெளிக்கிட்டார். வீடு பார்க்க ஆட்கள் வந்தார்கள். ஒவ்வொரு முறையும் நான் எங்கள் வாசல் படலைக்கு வந்து நின்றேன்.

"வளவு நல்லது. கிணத்துத் தண்ணியும் நல்லது. முன்கதவு மட்டும் எங்கடை. நாங்கள் இடம்பெயர்ந்து போன நேரம் கழட்டினது."

கேட்டவர்கள் திரும்பி வரவில்லை. வாடகைக்கு இருந்தவர்களின் காதிலும் அது விழுந்தது. "ஐயா" என்ற சத்தம் மெல்லக் குறைந்தது.

ஒரு காலை இரண்டு பேரைக்கொண்டு கதவைத் தூக்குவித்து அவரே வந்தார்.

"பிள்ளை, கதவை எடுங்கோ. இனி ஒண்டும் கதையாதேங்கோ."

"ஆற்றை கதவு?"

"உங்கடைதான்."

"சத்தமாச் சொல்லுங்கோ. அங்காலை நிக்கிறவைக்குக் கேக்கேல்லை."

சனம் படலைகளில் நின்று பார்த்துக்கொண்டிருந்தது. அவருடைய கழுத்து நரம்பு புடைத்தது.

"ஓம், உவையின்ரை கதவுதான்!"

"மதிலோடை சாத்திப்போட்டுப் போங்கோ" என்றேன்.

நான் அதை உள்ளே எடுக்கவில்லை. மாரி முழுக்க ஒழுங்கையில் நனைந்தபடி நின்றது. கேட்டவர்களுக்கெல்லாம் கதையை முதலிலிருந்து சொன்னேன். கடைசியில் எப்படியோ வீடு விலைப்பட்டு அவர் வான் வண்டியில் ஏறியபோதும் அந்தக் கதவைக் கடந்துதான் போக வேண்டியிருந்தது. தலையைக் குனிந்திருந்தார். நான் கண் எடுக்காமல் பார்த்தேன்.

"காணும், உள்ளை வா" என்றார் அம்மா.

எனக்குப் போதவில்லை. வான் திரும்பி மறையும்வரை நின்றேன்.