கொலைக் கேஸுக்கு எவ்வளவு ஆகும்?

ஜவுளிக் கடைக்கு வருகிறவர்கள் புடவையைப் பிரித்துப் பார்த்த பிறகுதான் விலை கேட்பார்கள். கிரிமினல் வக்கீல் ஆபீசுக்கு வருகிறவர்கள் உட்காருவதற்கு முன்பே கேட்டுவிடுவார்கள். "கொலைக் கேஸுக்கு எவ்வளவு ஆகும்?" எண்பதுகளின் கடைசியில் தொடங்கி தொண்ணூறுகளின் பாதி வரைக்கும் மேற்குத் தாம்பரத்தில் ஓர் ஆபீசில் அந்தக் கேள்விக்குப் பதில் சொல்லும் வேலை என்னுடையது.

நான் சேர்ந்தது டைப்பிஸ்டாக. எங்கள் சீனியர் கோர்ட்டில் எழுந்து நின்றால் எதிர்ப் பக்கம் தண்ணீர் குடிக்கும். ஆனால் காசு என்ற பேச்சு வந்தால் மட்டும் ஜன்னலைப் பார்க்க ஆரம்பித்துவிடுவார். ஒரு நாள் யாரோ கேட்டபோது வழக்கம்போல ஜன்னலைப் பார்த்தார், அங்கே நான் உட்கார்ந்து டைப் அடித்துக்கொண்டிருந்தேன். "ஸ்டெல்லா, இவங்களுக்கு ஒரு எஸ்டிமேட் போட்டுக் குடும்மா" என்றார். அன்றைக்கு என் தலையில் விழுந்தது அந்த வேலை. இதைப் படிக்கிறவர்களில் யாராவது எப்போதாவது கோர்ட் வராந்தாவில் காத்துக் கிடந்திருந்தால், நாமெல்லாம் ஒரே பெஞ்சில் உட்கார்ந்தவர்கள். உங்களுக்கு நான் அதிகம் விளக்க வேண்டியதில்லை.

பெயரில்லாத செலவு

கஸ்தூரி பம்மலிலிருந்து வந்தாள். வீட்டிலேயே மெஷின் போட்டு ஜாக்கெட் தைக்கிறவள். அவள் கணவன் முருகேசன் ஒரு கிரில் பட்டறையில் வெல்டர். பட்டறைக்குப் பக்கத்தில் நடந்த அடிதடியில் ஓர் ஆள் இறந்துபோக, போலீஸ் மூன்று பேர் மேல் கொலை வழக்குப் போட்டிருந்தது. மூன்றாவது பெயர் முருகேசனுடையது. அந்த நேரத்தில் தான் அஸ்தினாபுரத்தில் ஒரு வீட்டுக்கு கேட் மாட்டிக்கொண்டிருந்ததாக அவன் சொன்னான். கோர்ட் அதை நம்பாவிட்டால் ஆயுள் தண்டனை.

காசில்லாதவர்களுக்கு அரசாங்கமே வக்கீல் வைத்துத் தரும் என்பதை முதலில் சொல்லிவிட வேண்டும் என்பது சீனியரின் கண்டிப்பு. சொன்னேன். அவள் வேண்டாம் என்று தலையை ஆட்டிவிட்டு நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்துகொண்டாள். சரி என்று தாளை எடுத்தேன். வக்காலத்து ஸ்டாம்ப், ஜாமீன் மனு, நகல், டைப்பிங், சீனியர் ஃபீஸ் மூன்று தவணையாக, செங்கல்பட்டு கோர்ட்டுக்குப் போய்வர ரயில் சார்ஜ், கடைசியில் 'இதர'. அவள் எட்டாவது வரை படித்தவள். ஒவ்வொரு வரியாக விரல் வைத்துப் படித்துக்கொண்டே வந்து 'இதர'வில் நின்றாள். அப்படியென்றால் என்ன என்று கேட்டாள். திடீரென்று ஜெராக்ஸ், திடீரென்று ஆட்டோ, பொங்கலுக்குக் கோர்ட்டில் கையை நீட்டுகிறவர்கள் என்று எனக்குத் தெரிந்த மட்டும் விளக்கினேன். பொறுமையாகக் கேட்டுவிட்டுச் சொன்னாள்:

"பேரு இல்லாத செலவுதான்க்கா எல்லாத்தவிட பெருசா கீது."

தாளின் பின்பக்கம்

அந்தத் தாளுக்குப் பின்பக்கமும் உண்டு. அதில் ஒரே ஒரு வரி: 'தண்டனை ஆனால், ஹைகோர்ட் அப்பீலுக்கு.' பக்கத்தில் தொகை. பாதி வழியில் காசு தீர்ந்துபோய் ஜெயில் வாசலில் நிற்கக் கூடாது, முன்கூட்டியே சொல்லிவிடுவதுதான் நேர்மை என்பது எங்கள் ஆபீசின் கொள்கை. கொள்கை நல்ல கொள்கைதான். கல்யாணத்துக்குச் சாமான் லிஸ்ட் கேட்டு வந்தவர்களிடம் அதே தாளில் கருமாதிக்கும் எழுதிக் கொடுத்தால் எப்படி இருக்கும் என்று எங்களில் ஒருவருக்கும் தோன்றவில்லை.

கஸ்தூரி வீட்டுக்குப் போய்த்தான் தாளைத் திருப்பியிருக்கிறாள். வருவதாகச் சொன்ன நாளில் வரவில்லை. அடுத்த வாரமும் இல்லை. வேறொரு வக்கீல், விடுதலைக்கு நான் பொறுப்பு, அப்பீல் என்ற பேச்சே கிடையாது என்று அவளிடம் சொன்னதாகக் காதில் விழுந்தது. அவள் போயிருப்பாள் என்றுதான் நினைத்தேன். வருத்தமாகத்தான் இருந்தது. ஒரு மத்தியானம் தாளும் கையுமாக வந்து நின்றாள். மெஷினை அடகு வைத்து முதல் தவணையைக் கொண்டுவந்திருந்தாள். அந்த வக்கீலிடம் ஏன் போகவில்லை என்று கேட்டேன். கொலைக் கேஸில் பொறுப்பு ஏற்கிற ஆளைப் பார்த்தால் பயமாக இருந்ததாம். பிறகு தாளைத் திருப்பி என் முன்னால் வைத்தாள்.

"இந்த ஒரு வரிய மட்டும் அடிச்சிட்டுக் குடுங்கக்கா. மத்ததுக்கெல்லாம் எப்பாடு பட்டாவது நான் கட்டிடறேன்."

அந்த வரியைக் கோடு போட்டு அடித்துக் கொடுத்தேன். சீனியர் பார்த்துவிட்டு ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார்.

லேபர் மட்டும்

எல்லோரும் கஸ்தூரி மாதிரி இருந்துவிட்டால் எனக்கு நரை இத்தனை சீக்கிரம் வந்திருக்காது. அதே சமயத்தில் குரோம்பேட்டையிலிருந்து ஒரு பில்டிங் கான்ட்ராக்டர் வந்தார். தம்பி மேல் கொலை முயற்சி கேஸ். நான் தாளை எடுத்ததுமே கையை அசைத்து நிறுத்தினார். அயிட்டம் அயிட்டமாகப் போட்டால் தனக்குக் கட்டுப்படியாகாது, மொத்தமாகச் சதுர அடி ரேட் மாதிரி ஒரு ரேட் சொல்லச் சொன்னார். கேஸுக்குச் சதுர அடி கிடையாது என்று நான் சொன்னதை அவர் காதில் வாங்கவில்லை. நேரே சீனியர் அறைக்குள் போய்விட்டார். சீனியர் வாழ்க்கையிலேயே முதல் தடவையாக, காசு பேச வந்த ஒருவரை நேருக்கு நேர் பார்த்தார். கதவு வரைக்கும் கூடவே வந்து வழியனுப்பிவிட்டுக் கதவையும் சாத்தினார். கான்ட்ராக்டர் கேட்டது இதுதான்:

"மெட்டீரியல் நம்பளுது சார், சாட்சியெல்லாம் நானே எறக்கிடறேன். உங்களுக்கு லேபர் மட்டும் பேசிக்கலாமே?"

காரில் வந்த ஜாமீன்

ஒருவழியாக முருகேசனுக்கு ஜாமீன் கிடைத்தது. சொத்துள்ள இரண்டு பேர் கையெழுத்துப் போட வேண்டும். கூலி வாங்கிக்கொண்டு ஜாமீன் நிற்கிறவர்கள் அந்தக் காலத்தில் கோர்ட் வாசலிலேயே கிடைப்பார்கள். சீனியர் அவர்கள் நிழலைக் கூட அண்ட விடமாட்டார். ஒரு கையெழுத்துக்குக் கஸ்தூரியின் சித்தப்பா ஒப்புக்கொண்டார். இன்னொன்றுக்கு அவள் யார் யாரையோ கேட்டுப் பார்த்துவிட்டு, கடைசியில் மாடம்பாக்கத்துக்குப் போனாள். அங்கே ஏகாம்பரம் என்று ஒருவர். ஒரு காலத்தில் நெல் விளைந்த நிலத்தை மனை போட்டு விற்றவர், இன்னும் கொஞ்சம் விற்காமல் வைத்திருந்தவர். அவர் வீட்டு வாசல் கேட் முருகேசன் கை வேலை. அந்த கேட்டின் தாழ்ப்பாள் இன்றைக்கும் முனகாமல் விழுகிறது, அவன் வேலையில் பொய் கிடையாது என்று சொல்லி ஒத்துக்கொண்டாராம்.

தாம்பரம் கோர்ட்டுக்கு வர நான் எஸ்டிமேட்டில் பஸ் சார்ஜ்தான் போட்டிருந்தேன். சித்தப்பா பஸ்ஸில் வந்தார். ஏகாம்பரம் வெள்ளை அம்பாசிடர் வாடகைக் காரில், மடிப்புக் கலையாத வேட்டியோடு வந்து இறங்கினார். கஸ்தூரியின் முகம் வெளிறியது. நான் பக்கத்தில் போய், கார் வாடகைக்குக் கணக்கில் இடமில்லை என்று தயங்கித் தயங்கிச் சொன்னேன். அவர் கையெழுத்தை எல்லாம் முடித்துக்கொண்டு, காரில் ஏறும்போது பதில் சொன்னார்:

"நெலத்த ஈடு குடுக்க வர்றவன் பஸ்ல தொங்கிகினா வருவான்? கார் வாடகைய உன் கணக்குல ஏத்தாதம்மா, அது என் கவுரவத்துக்கு."

வாய்தா லாபம்

ஜாமீன் கிடைத்ததே ஒழிய, கொலைக் கேஸில் இருக்கிறவனுக்கு எந்தப் பட்டறையும் வேலை தரவில்லை. விசாரணை செங்கல்பட்டில். கேஸை எவ்வளவு கணக்குப் போட்டாலும் வாய்தாவைக் கணக்குப் போட ஆண்டவனால்தான் முடியும். டாக்டர் வரவில்லை, வாய்தா. இன்ஸ்பெக்டர் பந்தோபஸ்துக்குப் போய்விட்டார், வாய்தா. கேஸ் நடக்காத நாளுக்கு ஃபீஸ் இல்லை என்பது சீனியரின் வழக்கம். ரயில்காரர்களுக்கு அந்த வழக்கம் இல்லையே. என் எஸ்டிமேட் பாதி விசாரணையிலேயே பல்லை இளித்துவிட்டது.

கஸ்தூரியிடம் அதைச் சொல்ல நானே ஒரு நாள் செங்கல்பட்டுக்குப் போனேன். வராந்தாவில் அவள் ஒரு துணிப்பையைப் பிரித்து வைத்துக்கொண்டு கையால் ஹெம்மிங் போட்டுக்கொண்டிருந்தாள். மெஷின்தான் அடகில் இருக்கிறது, ஊசி அடகில் இல்லையே. முதலில் ஒரு லேடி கான்ஸ்டபிள் கொக்கி பிரிந்துபோன ஜாக்கெட்டைக் கொடுத்திருக்கிறார். பிறகு நகல் பிரிவிலிருந்து இரண்டு அம்மாக்கள், பிறகு வேறு கேஸுக்கு வந்த பெண்கள். அன்றைக்கும் வாய்தாதான். நான் மென்று விழுங்கிக்கொண்டு செலவு கூடிவிட்ட விஷயத்தைச் சொன்னேன். அவள் நூலைப் பல்லால் கடித்து அறுத்துவிட்டு நிமிர்ந்தாள்.

"இன்னிக்கு வாய்தா எனக்கு லாபம்க்கா. கேஸ எட்த்துருந்தா ரெண்டு ஜாக்கெட் பாக்கி நின்னுருக்கும்."

டீச்சரின் டிக்கெட்

முருகேசன் கேட் மாட்டிய அஸ்தினாபுரத்து வீடு ஒரு ரிடையர்டு டீச்சருடையது. எங்கள் பக்கத்துக்கு அவர் ஒருவர்தான் சாட்சி. சாட்சிக்கு நம் கையால் ஒரு டீ கூட வாங்கித் தரக் கூடாது, தந்தால் அந்த டீயை வைத்தே எதிர்ப் பக்கம் கேஸை முடித்துவிடும் என்று சீனியர் படித்துப் படித்துச் சொல்லியிருந்தார். அதனால் அந்த இடத்தில் என் எஸ்டிமேட்டில் சுத்தமான பூஜ்யம். அந்த அம்மா சொந்தச் செலவில் செங்கல்பட்டு வரைக்கும் வருவாரா என்பதுதான் எனக்குப் பயம். வராவிட்டால் முருகேசனின் பேச்சுக்குத் துணையாக ஒரு குரலும் இல்லை.

வந்தார். இருட்டும் வரை வேலை நடந்ததையும், முருகேசனுக்குத் தான் காப்பி போட்டுக் கொடுத்ததையும் நிதானமாகச் சொன்னார். அரசு வக்கீல் எழுந்து, இங்கே வந்துபோக இவர்கள் உங்களுக்கு எவ்வளவு கொடுத்தார்கள் என்று கேட்டார். நான் பின் வரிசையில் கர்த்தரை நினைத்துக்கொண்டேன். டீச்சர் கண்ணாடியைச் சரி செய்துகொண்டு, வகுப்பில் பதில் சொல்லும் குரலில் சொன்னார்:

"என் டிக்கெட்டை நான்தான் சார் எடுத்தேன். கவுன்ட்டர்ல முருகேசன் சம்சாரம் சில்லறைக்குத் தடுமாறிட்டு நின்னா, அவளுக்கும் சேர்த்து எடுத்தேன். அவதான் இன்னும் எனக்குத் தரணும்."

நீதிபதி குனிந்து எதையோ எழுத ஆரம்பித்தார். சிரிப்பை மறைக்கத்தான் என்று இன்றைக்கும் நம்புகிறேன்.

தீர்ப்பு நாள்

எங்கள் தொழிலில் கடைசித் தவணையைத் தீர்ப்புக்கு முன்பே வாங்கிவிடுவார்கள். விடுதலை ஆகிவிட்டால், தப்பே செய்யாதவனுக்கு எதற்கு இத்தனை செலவு என்று தோன்றிவிடும். தண்டனை ஆனால் நமக்கே கேட்க வாய் வராது. எங்கள் சீனியர் மட்டும் தீர்ப்பு முடிகிற வரைக்கும் அந்தத் தவணையைத் தொடமாட்டார். அந்த நல்ல குணத்தால் எங்களுக்கு வராமல் போன பணத்தில் செம்பாக்கத்தில் ஒரு மனை வாங்கியிருக்கலாம்.

முருகேசன் தீர்ப்பன்று நான் ஆபீசில் போனுக்குப் பக்கத்திலேயே உட்கார்ந்திருந்தேன். டைப் அடிக்க உட்கார்ந்த கடிதத்தில் ஒரு வரி கூட ஓடவில்லை. மத்தியானம் போன் வந்தது. முதல் இரண்டு பேருக்குத் தண்டனை, முருகேசன் விடுதலை. ரிசீவரை வைத்துவிட்டுக் கொஞ்ச நேரம் அழுதேன். வேறு யாரும் ஆபீசில் இல்லாததால் அதை நானே எழுதினால்தான் உண்டு.

சாயங்காலம் இரண்டு பேரும் ஸ்டேஷனிலிருந்து நேராக வந்தார்கள். முருகேசன் சுவரில் ஆடிக்கொண்டிருந்த எங்கள் காலண்டரின் ஆணியை அழுத்தி நேராக்கிவிட்டு நின்றான். கஸ்தூரி முதலில் கடைசித் தவணையை எடுத்து வைத்தாள். கேட்காமலே வந்த கடைசித் தவணை, என் அனுபவத்தில் அது ஒன்றுதான். பிறகு பையிலிருந்து அந்தப் பழைய எஸ்டிமேட்டை எடுத்தாள். மடிப்பு மடிப்பாக நைந்து போயிருந்தது. அதற்கடியில் ரப்பர் பேண்ட் போட்ட இன்னொரு கட்டு நோட்டு. எல்லாம் சின்ன நோட்டுகள். இது எதற்கு என்று கேட்டேன். அவள் தாளைத் திருப்பி, நான் அடித்த வரியின் மேல் விரலை வைத்தாள்.

"இதுக்கும் சேத்துகினுதான் இருந்தேன்க்கா, வராண்டால தெச்ச காசு. நீங்க சரியாத்தான் போட்டீங்க. எனக்குத்தான் அத்த கண்ணால பாக்க முடியல."

இப்போது அந்தக் காசுக்கு வேலை இல்லையே, வீட்டுக்கு எடுத்துக்கொண்டு போ என்று சொன்னேன். அவள் போகவில்லை. நாற்காலியை இழுத்துப் போட்டு, முதல் நாள் உட்கார்ந்த மாதிரியே உட்கார்ந்து, ஒரு புதுத் தாளை என் பக்கம் நகர்த்தினாள்.

"இத்த எப்டி செலவு பண்றதுன்னு ஒரு எஸ்டிமேட் போட்டுக் குடுங்கக்கா. மொதல்ல மெஷின மீக்கணும், அப்பால டீச்சருக்கு டிக்கெட் காசு. மிச்சத்த இதரன்னு போட்டுடுங்க, இந்த வாட்டி அது எங்களுக்கு."

அத்தனை வருஷத்தில் நான் போட்ட எஸ்டிமேட்டுகளில் ஒரு பைசா கூடாமல் குறையாமல் சரியாக வந்தது அது ஒன்றுதான், அதற்கும் நான் ஃபீஸ் வாங்கவில்லை.