பச்சை பெயிண்ட் அடித்த தண்ணீர்த் தொட்டி

பெயிண்ட் அடிக்காத எந்த வேலையும் வெல்டரின் பட்டறையைத் தாண்டியதில்லை. கேட்டோ கட்டிலோ, முதலில் துரு தடுக்க ரெட் ஆக்சைடு, அதன்மேல் பச்சை. கை அப்படியே பழகிவிட்டது. மலையிலுள்ள காட்டுச் செம்மறிகளுக்குத் தண்ணீர்த் தொட்டி செய்தபோதும் உள்ளும் புறமும் அதையேதான் பூசினார்.

தொட்டி கேட்டவர் மனைவியின் தம்பி, அந்த மலையின் வனக்காவலர். சரிவு முழுக்க மேய்ந்த மந்தை தேய்ந்து ஒரு கைப்பிடியாகிவிட்டது. மேலே ஊற்று வற்றியதிலிருந்து, தண்ணீருக்கு இறங்கும் ஆடுகள் நெடுஞ்சாலையைக் கடக்கையில் லாரிகளில் அடிபட்டுச் செத்தன.

தொட்டியை நிரப்பிவிட்டு இருவரும் பாறைக்குப் பின்னால் குந்தினார்கள். முன்னால் வந்த சினை ஆடு மூக்கை நீட்டியது, தும்மியது, திரும்பிச் சாலைப் பக்கம் நடந்தது. மந்தையும் பின்னாலேயே போனது. மைத்துனர் விழுந்தடித்து ஓடி மறித்துவிட்டு வந்தார்.

"என்ன மச்சான், பெயிண்ட் கடையவே கவுத்துட்டீங்களா? ஆடு கலர் பாத்தா தண்ணி குடிக்கும்?"

"துருப்பிடிக்குமேன்னு..." வெல்டர் இழுத்தார். வயசெல்லாம் கறுப்புக் கண்ணாடி வழியே தீப்பொறியைப் பார்த்த ஆள். பட்டறைக்கு எதிரே நிற்கும் மலையை நிமிர்ந்துகூடப் பார்த்ததில்லை. இப்போது அந்த ஆட்டின் வயிறு கண்ணைவிட்டுப் போகவில்லை.

மறுநாள் பட்டறையைப் பூட்டிவிட்டு மலையேறினார். மலைமேல் கிரைண்டர் ஓட்டக் கரண்ட் ஏது? கம்பி பிரஷ்ஷால் பெயிண்டைக் கையாலேயே சுரண்டி, உதிர்ந்ததை ஒரு பொட்டு விடாமல் சாக்கில் அள்ளினார். போனில் மனைவி கத்தினார்.

"எங்க போய்த் தொலைஞ்சீங்க? கேட்டுக்கு ஆர்டர் குடுத்தவரு வாசல்ல நிக்கிறாரு."

"நிக்கட்டும். இங்க ஒருத்தி தாகத்துல இருக்கா."

"எவ அவ?"

"வயித்துப்புள்ளக்காரி. வந்து சொல்றேன்."

தொட்டியைப் பலமுறை கழுவி, வாடை அடங்க வெளியே சேறு பூசி, வெயிலில் காயவிட்டு, புதுத் தண்ணீர் நிரப்பினார். வாடை போகும்வரை மைத்துனர் சாலையோரம் காவல் நின்று, லாரிகளை மறித்து ஆடுகளைக் கடக்கவிட்டார். வெல்டர் தினமும் விடியலில் பாறைக்குப் பின்னால் உட்கார்ந்தார். பட்டறைச் சத்தத்தில் மழுங்கிய காதுக்குப் புல் உரசுவதுகூட மெல்ல மெல்லக் கேட்க ஆரம்பித்தது. ஆடுகள் மட்டும் வரவில்லை.

ஒரு காலை கல் உருண்டது. அதே ஆடு. வயிறு ஒட்டியிருந்தது, காலடியில் தள்ளாடியபடி ஒரு குட்டி. தாய் தொட்டியை மோந்தது. வெல்டர் மூச்சை அடக்கிக்கொண்டார். தலை தாழ்ந்தது. சளப் சளப்பென்று குடித்தது. மற்றவையும் முட்டி மோதிக் குடித்துவிட்டு, வந்த வழியே மேலே ஏறின.

வெல்டர் போனை எடுத்தார். "மாப்ள, குடிச்சிடுச்சு. குட்டியோட வந்துச்சு."

"நிஜமாவா? அப்ப நான் ரோட்ட விட்டு வரலாமா?"

"வாடா. வந்து கொஞ்ச நேரம் சும்மா உக்காரு."