அத்தையை டிவியில் பார்த்த காலை

எங்கள் தோட்டத்து லயத்து வீடுகளிலிருந்து டிவியில் வந்த ஒரே ஆள் என் அத்தைதான் என்று பல வருடங்கள் பெருமையடித்துக்கொண்டு திரிந்தோம். அப்பா தேநீர்க் கடையில் சொல்வார், கல்யாண வீட்டில் சொல்வார், செத்த வீட்டில்கூட ஓரமாக உட்கார்ந்து யார் காதிலாவது போட்டுவிடுவார். அந்தப் பெருமையில் அத்தைக்கு என்ன போயிற்று என்று கேட்க எங்களில் ஒருவருக்கும் தோன்றவில்லை.

அத்தை அப்பாவின் ஒரே தங்கை. யட்டியாந்தோட்டைக்கு மேலே உள்ள எங்கள் ரப்பர் தோட்டத்திலிருந்து சின்ன வயதிலேயே கொழும்பில் ஒரு தமிழ்க் குடும்பத்துக்கு வீட்டு வேலைக்குப் போனவள். தீபாவளிக்கும் கோயில் திருவிழாவுக்கும் வருவாள். மாசி மாதத்தை ஒட்டி ரப்பர் மரங்கள் இலையெல்லாம் கொட்டிவிட்டு மொட்டையாக நிற்குமே, அந்தச் சமயத்தில் வந்தால் எனக்குக் கொண்டாட்டம்தான். என்னைப் பாக்கு மட்டையில் உட்காரவைத்துச் சரிவில் பின்னாலிருந்து ஒரு தள்ளுத் தள்ளுவாள். காய்ந்த இலைமேல் மட்டை வழுக்கிக்கொண்டு பறக்கும். அவளும் கத்திக்கொண்டே பின்னால் ஓடிவருவாள். பிறகு அந்தக் குடும்பம் கனடாவுக்குக் குடிபோனது. பிள்ளைகளைப் பார்த்துக்கொள்ள அத்தையையும் கூட்டிக்கொண்டு போனார்கள். கொஞ்ச வருடத்தில் திரும்பிவிடுவேன் என்று சொல்லித்தான் அவளும் போனாள்.

ஞாயிற்றுக்கிழமை காலையில் அவளுடைய கோல் வரும். எங்கள் லயத்தில் சிக்னல் கிடையாது. ரப்பர் பால் நிறுக்கும் கொட்டகைக்குப் பின்னால் ஒரு பாறை உண்டு, அதன் உச்சியில் மட்டும் கிடைக்கும். பெரியவர்கள் ஏறினால் வழுக்கும் என்பதால் போனைப் பிடிக்கிற வேலை என்னுடையது. நான் மேலே நின்று ஸ்பீக்கரைப் போட்டுக் கையைத் தூக்கிப் பிடிப்பேன். அப்பாவும் அம்மாவும் பாறையடியில் நின்று அண்ணாந்து பேசுவார்கள். பக்கத்துக் காம்பரா வீட்டுப் பெரியம்மாவும், இன்னும் யார் யார் அந்த வழியாகப் போகிறார்களோ அவர்களும் நின்று கேட்பார்கள். அத்தை தன் அண்ணனோடு தனியாகப் பேசியதே இல்லை. அவள் பேசியதெல்லாம் லயத்தோடுதான்.

குளிர்கால ஒலிம்பிக் கனடாவில் நடந்த வருடம் எனக்குப் பத்து வயது. பனியில் சறுக்கிக்கொண்டு போகிற விளையாட்டு என்று அத்தை சொன்னாள். நாங்கள் பாக்கு மட்டையில் சும்மா செய்ததற்கு அங்கே பதக்கம் கொடுக்கிறார்களாம். கடைசி நாள் விழாவுக்கு வீட்டுக்காரர்கள் டிக்கெட் வாங்கியிருப்பதாகவும், பிள்ளைகளைப் பார்த்துக்கொள்ள அவளையும் கூட்டிப்போவதாகவும் சொன்னாள். டிவியில் காட்டுவார்களா என்று அப்பா கேட்டார். உலகம் பூராவும் காட்டுவார்கள் என்றாள். அவ்வளவுதான், பாறையடியில் திருவிழாக் களை வந்துவிட்டது.

அத்தை தொடர்ந்து பேசிக்கொண்டுதான் இருந்தாள்.

“கடைசி நாளுல யாரும் நாடு நாடா வர மாட்டாங்களாம்ண்ணே. எல்லாரும் ஒன்னா கலந்து வருவாங்களாம். அது முடிஞ்சதும் அவங்கவங்க வீட்டுக்குப் போயிருவாங்களாம்.”

நல்லா இருக்குமே என்றார் அப்பா. அம்மா இடையில் புகுந்து, சிவப்புச் சுவெட்டர் போட்டுக்கொண்டு போகும்படி சொன்னாள். தேர் பார்க்கப் போகும்போதெல்லாம் கூட்டத்தில் தொலைந்துபோகாமல் இருக்க எனக்குச் சிவப்புச் சட்டைதான் போட்டுவிடுவாள். அந்த யோசனையைத்தான் கனடாவுக்கும் அனுப்பினாள். பெரியம்மா தன் பங்குக்கு, அடிக்கடி கையைத் தூக்கி ஆட்டச் சொன்னாள்.

“அண்ணே, இவங்ககிட்ட நான் பேசிக்கிட்டு வந்த காலம் அடுத்த மாசத்தோட முடியுது. அதப் பத்தி உங்ககிட்ட ஒரு வார்த்த கேக்கணும்.”

“அதெல்லாம் ஆறுதலாப் பேசலாம்மா. மொதல்ல நீ எந்தப் பக்கமா உக்காருவேன்னு சொல்லு.”

மேலே ஒரு மூலையில் என்று அவள் சொன்னாள். அவள் கேட்க வந்தது, ஊருக்குத் திரும்பி வந்துவிடட்டுமா என்பதுதான். அண்ணன் ‘வா’ என்று ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் பெட்டியைக் கட்டியிருப்பாள். நாங்கள் அவளிடம் கேட்டதெல்லாம் எந்த நிறம், எந்தப் பக்கம், எத்தனை மணிக்கு.

விழா அங்கே ஞாயிறு சாயங்காலம், நமக்குத் திங்கட்கிழமை காலை. டிஷ் இருந்தது சந்தியில் தேநீர்க் கடை வைத்திருந்த முஸ்லிம் நாநாவிடம் மட்டும். கிரிக்கெட் பார்க்க வாங்கிய டிஷ்ஷில் ஐஸில் விழுந்து எழும்புகிறவர்களைப் பார்ப்பதா என்று முதலில் அவர் பிகு பண்ணினார். அந்தக் கூட்டத்தில் அத்தையும் இருப்பாள் என்றதும் இறங்கிவந்தார். சின்ன வயதில் அவரிடம் பாண் வாங்க ஓடிவந்த பிள்ளை அல்லவா. மரங்கள் இலை கொட்டியிருந்ததால் பால் வெட்டு நின்றிருந்தது, கங்காணியும் கண்டும் காணாதவர்போல் இருந்துவிட்டார். எனக்கு வயிற்றுவலி என்று பள்ளிக்கூடத்துக்குச் சொல்லி அனுப்பினார்கள். பெரியம்மா திருவிழாச் சேலையைக் கட்டி, தலையில் பூவும் வைத்துக்கொண்டு வந்தாள். அவள் உன்னைப் பார்க்கப்போவதில்லை, நீதான் அவளைப் பார்க்கப்போகிறாய் என்று அப்பா கேலி பண்ணினார். யார் யாரைப் பார்த்தால் என்ன, போவது ஒரு விசேஷத்துக்குத்தானே என்று பெரியம்மா ஒரு போடு போட்டாள்.

நாநா டிவியைப் போட்டார். மைதானம் முழுக்க ஆட்கள். அத்தனை பேரும் சிவப்பு.

அந்த நாட்டுக் கொடியின் நிறம் சிவப்பு என்பது எங்களில் யாருக்கும் நினைவில்லை. சட்டை சிவப்பு, தொப்பி சிவப்பு, கழுத்தில் சுற்றியிருந்த துணியும் சிவப்பு. மிளகாய் காயப்போட்ட முற்றம் மாதிரி இருந்தது. அப்பா மெதுவாக அம்மாவின் பக்கம் திரும்பினார்.

“இத்தன பேருக்கும் நீதான் சிவப்பு போடச் சொன்னியா?”

நாநா சிரித்த சிரிப்பில் பிளேன்டீ கோப்பையைக் கொட்டிவிட்டார். அம்மா மட்டும் சிரிக்கவில்லை. கண்ணை இடுக்கிக்கொண்டு திரைக்குப் பக்கத்தில் போய் நின்றாள். மற்றவர்களும் கிட்ட வந்தார்கள். விளையாட்டுக்காரர்கள் அத்தை சொன்னபடியே நாடு பிரியாமல் கலந்து, ஒருவர் தோளில் ஒருவர் கைபோட்டுக்கொண்டு வந்தார்கள். நாங்கள் அவர்களைப் பார்க்கவில்லை. கமரா கூட்டத்தின் பக்கம் திரும்பும்போது மட்டும் மூச்சைப் பிடித்துக்கொண்டு தேடினோம்.

கண்டுபிடித்தது நான். மேல் மூலையில் ஒரு சிவப்புப் புள்ளி கையை ஆட்டியது. அங்கே என்று கத்தினேன். தேநீருக்காக வந்து நின்ற முச்சக்கரவண்டிக்காரர் ஒருவர் எட்டிப் பார்த்து, “அர ரத்து எக்கத?” என்று சிங்களத்தில் கேட்டார். அந்தச் சிவப்பேதான் என்று தலையை ஆட்டிய அப்பா, “மகே நங்கி” என்றார், என் தங்கச்சி. கை ஆட்டுகிற தினுசு அவளுடையதுதான் என்று அம்மா சொன்னாள். மெலிந்துவிட்டாள் என்று பெரியம்மா கவலைப்பட்டாள். தனக்கும் நன்றாகத் தெரிந்தது என்றார் நாநா. ஒரு நொடிகூட நிற்காத அந்தப் புள்ளியில் நாங்கள் மூக்கு, முழி எல்லாம் பார்த்துவிட்டோம். யாரும் பொய் சொல்லவில்லை. பார்க்க வேண்டும் என்ற ஆசை அவ்வளவு இருந்தது.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை பாறையடியில் லயமே கூடியிருந்தது. கோல் வந்ததும் அத்தை ஏதோ சொல்லத் தொடங்கினாள். அப்பாவுக்குப் பொறுக்கவில்லை.

“பாத்தோம்மா, ஒன்னயப் பாத்தோம். மேல மூலையில நின்னு கை காட்டுன. எல்லாரும் பாத்தோம்.”

கொஞ்ச நேரம் போனில் எதுவும் கேட்கவில்லை.

“ஆமாண்ணே,” என்றது அத்தையின் குரல். “நான்தான்.”

அப்பா பேசிக்கொண்டே போனார். லயத்தில் பிறந்த பிள்ளை உலகமே பார்க்கிற இடத்தில் உட்கார்ந்திருக்கிறாள், இனி அவளுக்கு என்ன குறை, அங்கேயே நல்லபடியாக இருக்கட்டும் என்றார். சரிண்ணே என்றாள். போன வாரம் கேட்க வந்த வார்த்தையை அப்பா மறந்திருந்தார், அவளும் நினைவுபடுத்தவில்லை. அடுத்த மாதம் இன்னும் சில வருடங்களுக்கு அதே வீட்டில் இருக்கச் சம்மதித்துவிட்டாள். அந்தச் சில வருடங்கள் அதோடு நிற்கவில்லை. இடையில் இரண்டு தடவை வந்தாள், சொக்லேட் பைகளோடு, விருந்தாளியாக. அப்போதும் அப்பா அவளைப் பக்கத்தில் வைத்துக்கொண்டே டிவிக் கதையை எல்லோருக்கும் சொன்னார். அவள் சிரித்துத் தலையாட்டிக்கொண்டிருந்தாள்.

போன வருடம் அப்பா இறந்துபோனார். சாவுக்கு வந்துசேர முடியாமல் கருமாதிக்குத்தான் அத்தை வந்தாள். முடி பாதிக்குமேல் நரைத்திருந்தது. கல்யாணம் என்ற பேச்சை அவளிடம் யாரும் எடுப்பதில்லை. எல்லோரும் போனபிறகு அடுப்படியில் உட்கார்ந்து என்னோடு தேங்காய் துருவிக்கொண்டிருந்தாள். அவளைக் கொஞ்சம் சிரிக்கவைக்கலாம் என்று நான் அப்பாவைப் போலவே குரலை மாற்றி அந்தச் சிவப்புச் சுவெட்டர் கதையைத் தொடங்கினேன். துருவுவதை நிறுத்திவிட்டு என்னைப் பார்த்தாள்.

“நான் எங்கடி போனேன்? சின்னவனுக்குக் காய்ச்சல்னு என்னய வீட்டுலயே விட்டுட்டுப் போயிட்டாங்க. வீட்டு டிவியிலதான் பாத்தேன். நீங்களும் இதத்தானே பாத்துக்கிட்டு இருப்பீங்கன்னு நெனச்சி கடைசி வரைக்கும் பாத்தேன்.”

ஏன் அப்போதே சொல்லவில்லை என்று மட்டும் கேட்டேன்.

“அண்ணன் அவ்ளோ சந்தோசமா பாத்தேன் பாத்தேன்னு சொல்லும்போது, போகலன்னு எப்பிடிச் சொல்றது? அத மறைச்சிட்டு, எனக்கு இங்க பிடிக்கல, நான் வாரேன்னு எப்பிடிக் கேக்குறது?”

சொல்லிவிட்டு மறுபடியும் துருவ ஆரம்பித்தாள். அவள்மேல் எனக்குக் கோபம் வந்தது, அப்பாமேலும் வந்தது. யார்மேலும் கோபப்பட ஒன்றுமில்லை என்றும் தெரிந்திருந்தது.

அந்த ஞாயிற்றுக்கிழமை பாறைமேல் நின்றவள் நான். கீழே இருந்த எல்லோரையும்விட அவள் குரல் என் காதுக்குத்தான் பக்கத்தில் இருந்தது. பாத்தோம்மா என்று அப்பா சொன்னதும் போன் ஊமையாகிப் போனது. அதற்குள்ளிருந்து மூக்கை உறிஞ்சுகிற மாதிரி ஒரு சின்னச் சத்தம் மட்டும் வந்தது. சிக்னல் போய்விட்டது என்று நினைத்து நான் குதிகாலை உயர்த்தி, கையை எட்டினமட்டும் நீட்டி, போனை இன்னும் மேலே தூக்கிப் பிடித்தேன்.