மோட்டார் அறைச் சாவி

என் தம்பி சாவியைத் திருடினான் என்று சொல்கிற வாய் எது, அதை முதலில் சொல்லுங்கள். மாடிவீட்டுக்காரிதானே? "அரசாங்கத்துச் சாவியை இடுப்பில் வைத்துக்கொண்டு அரசாங்கத்து மேலேயே கேஸ் போட்டான், கடைசியில் தண்ணீரையும் நிறுத்தினான்" என்கிறாளாம். ஊர் வாயை மூட உலைமூடி கிடையாது, சரி. நான் உயிரோடு இருக்கிறேனே. நடந்ததைச் சொல்கிறேன், எழுதிக்கொள்ளுங்கள்.

என் தம்பி தண்ணீர் இலாகாவில் முப்பத்தொரு வருஷம் பம்ப் ஆபரேட்டர். விடியக்காலம் மோட்டார் போட்டு, தொட்டி நிறைந்ததும் தெருத்தெருவாக வால்வு திறப்பான். மற்ற தெருவுக்கு முக்கால் மணி, எங்கள் மேட்டுத் தெருவுக்கு மட்டும் ஒரு மணி. மேட்டில் தண்ணீர் ஏற நேரமாகும் என்று அவனாகக் கூட்டிவைத்த கால் மணி அது. அதைக் குடித்து வளர்ந்த நாக்குதான் இப்போது பேசுகிறது.

ஓய்வு பெற்ற நாளில் எல்லாரும் வந்து கை குலுக்கினார்கள். சாவியை வாங்க மட்டும் ஆள் வரவில்லை. ஆபீசுக்குப் போய்க் கேட்டான்.

"அடுத்து வர்றவர்கிட்ட சாவியைக் கொடுத்துட்டு, கையெழுத்து வாங்கிட்டு வாங்க. அந்தத் தாள் இல்லாம பென்ஷன், ஓய்வுப் பணம் எதுவும் நகராது," என்றார் அதிகாரி.

"அடுத்து யார் சார் வர்றாங்க?"

"இன்னும் ஆள் போடலை."

"அதுவரைக்கும் தண்ணி?"

"அது உங்க இஷ்டம்."

அவன் இஷ்டம் எனக்குத் தெரியாதா? மறுநாளும் போய் மோட்டார் போட்டான். ஓசியில் வேலை நடக்கும்போது எவன் ஆள் போடுவான்?

அவன் பெண்டாட்டிக்கு இரண்டு கண்ணிலும் பிரஷர். ஆபரேஷன் செய்யாவிட்டால் பார்வை ஓரத்திலிருந்து மூடிக்கொண்டே வரும், போனது திரும்பாது என்றார் டாக்டர். ஓய்வுப் பணத்தைத்தான் நம்பியிருந்தார்கள். வேறு வழியில்லாமல் கேஸ் போட்டான். ஓய்வுக்குப் பிறகும் அனுமதி இல்லாமல் மோட்டார் அறைக்குள் நுழைகிறார் என்று ஆபீஸ்காரர்கள் கோர்ட்டில் பதில் சொன்னார்கள்.

வக்கீலம்மா நல்லவள். "ஐயா, சாவியைக் கோர்ட்ல ஒப்படைச்சிடுங்க. அப்புறம் அவங்க சொல்ல ஒரு சாக்கும் இல்லை."

"நாளைக்கு யாரும்மா திறப்பாங்க?"

"அது அவங்க பாடு."

"குடத்தோட நிக்கிறது அவங்க இல்லையேம்மா."

மூன்று வருஷம் இதையே சொன்னான். "ஊருக்கு விடுற தண்ணியில உன் பெண்டாட்டி கண்ணைக் கரைக்கிறியேடா," என்று திட்டிப் பார்த்தேன். அவள்தான், "விடுங்க அண்ணி. தண்ணி நின்னா குழாயடியில என்னைத்தான் திட்டுவாங்க," என்பாள். முதலில் படியில் இடறினாள். அப்புறம் சர்க்கரைக்குப் பதில் உப்பைப் போட்டாள். அந்த டீயை அவன் கடைசிச் சொட்டு வரை குடித்தான். நல்லா இருக்கு என்று வேறு சொன்னான்.

போன மாதம் டாக்டர் கண்ணில் டார்ச் அடித்துப் பார்த்தார். இனி ஆபரேஷன் செய்து பிரயோஜனமில்லை என்றார்.

"செலவு மிச்சம்," என்றாள் அவள்.

அதற்குப் பிறகும் நாலு நாள் விடியக்காலம் போனான். தண்ணீர் விட்டான். ஐந்தாம் நாள் வெயில் வந்தபிறகுதான் எழுந்தான். வெள்ளைச் சட்டை போட்டான். சாவியைக் கைக்குட்டையில் சுற்றினான். எங்கே என்று நான் கேட்கவில்லை. கோர்ட்டுக்குத்தான்.

"தண்ணி விட்டுட்டீங்களா?" என்று அவள் கேட்டாள்.

"விட்டுட்டேன்."

ஜன்னலுக்கு வெளியேதான் தெருக்குழாய். தண்ணீர் வருமுன் கிழவன் மாதிரி நாலு தடவை இருமும். அவள் அந்தப் பக்கம் காதைக் கொடுத்தாள். இருமலும் இல்லை, தண்ணீர் விழும் சத்தமும் இல்லை.

"சரி. பார்த்துப் போங்க," என்றாள்.

செருப்பை மாட்டிக்கொண்டு கதவைத் தாண்டி இறங்கினான். குழாயடி வரிசையில் முதலில் நின்றது மாடிவீட்டுக்காரியின் குடம். அது வழியில் இருந்தது. காலில் இடிக்காமல் ஒதுங்கிப் போனான்.